மெலாய்னா மலைக்குள் ஒரு வளைவு

போசெய்தெயோன் மாதம், 12ஆம் நாள்
மெலாய்னா நகரம், சுரங்கத்தின் தெற்கு வாய்

தெல்லியாஸ், மோல்பிஸுக்கு எழுதுவது.

ஊற்றுத் தண்ணீரை நகரத்துக்குக் கொண்டுவர இந்தச் சுரங்கத்தைத் திட்டமிட்ட கொரிந்துக்காரர் ஊருக்குப் போய்விட்டார். காய்ச்சல் விடவே இல்லை. நேற்றுக் காலை பாயோடு தூக்கிக் கப்பலில் ஏற்றினோம். இனி நம்மிடம் இருப்பது மலைமேல் நேர்கோடு காட்ட அவர் நட்டுவைத்த கம்பங்கள், வடக்கு வாயில் மேஸ்திரியாக நீ, தெற்கு வாயில் மேஸ்திரியாக நான், அவ்வளவுதான். இரண்டு மேஸ்திரிகளும் அவ்வப்போது தங்கள் அளவுகளைத் தெரிவித்துக்கொள்ள வேண்டும் என்று நகர சபை உத்தரவு போட்டிருக்கிறது.

என் வீட்டுக் கணப்பின் மேல் கைவைத்து, 'இந்த ஆளோடு இனி ஒரு வார்த்தை பேசமாட்டேன்' என்று நீ ஹேராவின் பேரில் சத்தியம் செய்து நாலு வருஷம் ஆகிறது. எனக்கு மறக்கவில்லை. அதனால் கோயிலுக்கே போய்ப் பூசாரி அம்மாளைக் கேட்டுவிட்டேன். "எழுதுறது பேசுறதாகாதுப்பா. வாயைத் திறந்தாத்தான் சத்தியம் உடையும்" என்றாள். ஆகையால் இந்த ஆட்டுத்தோல். தேன்காரி தெமோ வாரம் ஒருமுறை மலையேறி உன் பக்கம் வருகிறாள். அவளிடமே பதிலைக் கொடுத்தனுப்பு.

என் அளவு: தெற்கு வாயிலிருந்து ஆயிரத்து நூறு அடி. நாளுக்கு அரை அடி. பாறை கெட்டி, வெள்ளை. கோடு நேர். மலையின் மொத்தக் கனம் இரண்டாயிரத்து நானூறு அடி என்று கொரிந்துக்காரர் கணக்கிட்டது உனக்குத் தெரியும். உன் அளவைச் சொன்னால், நாம் என்றைக்குச் சந்திப்போம் என்று சபைக்குச் சொல்லிவிடுவேன். எதிரிகள் கோட்டையைச் சூழ்ந்த வருஷம் மலைக்கு அப்பால் உன் பக்கத்து ஊற்றுக்குத் தண்ணீர் எடுக்கப் போய்த் திரும்பாத அந்தப் பதினோரு பெண்களின் வீட்டார், என்னைத் தெருவில் பார்க்கும்போதெல்லாம் "இன்னும் எவ்வளவு?" என்றுதான் கேட்கிறார்கள்.

என் வீட்டில் உன் தங்கை நலம். இதை அவள் எழுதச் சொல்லவில்லை. நானாகத்தான் எழுதுகிறேன்.

•

போசெய்தெயோன், 19
வடக்கு வாய், நீரணங்குகளின் ஊற்று

மோல்பிஸ், தெல்லியாஸுக்கு.

ஆயிரத்து எண்பது அடி. நாளுக்கு அரை அடி. கோடு நேர்.

எழுத்து கோணலாக இருக்கிறதே என்று பார்க்காதே. இடது கையால் எழுதுகிறேன். வலது கையில் இரண்டு விரல் இல்லாதவன் அப்படித்தான் எழுத முடியும். அந்த விரல்கள் எங்கே போயின என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. சுரங்கவாய்க்குக் கல் எடுத்த கல்குவாரியில், சரிவில் நின்ற கல்லுக்கு அடியிலிருந்து ஆப்பை உருவியது உன் கை. "விடு" என்று நான் சொல்லவே இல்லை. சொன்னேன் என்று ஊர் முழுக்க நீ சொன்னாய். விரல் போனதைக்கூட மன்னித்திருப்பேன். பொய்யன் என்று பெயர் வாங்கியதைத்தான் மன்னிக்க முடியவில்லை.

பூசாரி அம்மாள் சொன்னது சட்டத்துக்குச் சரி. அதற்காக நாம் மறுபடியும் சொந்தக்காரர்களாகிவிட்டோம் என்று நினைக்காதே. அளவு கேள், அளவு சொல்கிறேன்.

தெமோ பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, "எழுதியாச்சா? இம்புட்டுதானா? இதுக்கு ஒரு ஆட்டோட தோலை வீணாக்கணுமா?" என்று நச்சரிக்கிறாள்.

•

லெனையோன் மாதம், 21
தெற்கு வாய்

தெல்லியாஸ், மோல்பிஸுக்கு.

அளவு: ஆயிரத்து நூற்றுப் பத்தொன்பது அடி. அளவு சொல்லிவிட்டேன். இனி வேறொரு விஷயம் சொல்கிறேன். சொல்லாமல் இருக்க என்னால் முடியவில்லை.

உன் உளிச்சத்தம் கேட்கிறது!

ஆறு நாளுக்கு முன் எங்கள் ஆட்கள் பார்லி அடையும் வெங்காயமும் தின்ன உட்கார்ந்திருந்தார்கள். யாரும் வேலை செய்யவில்லை. காரியா நாட்டுக்காரன் பிக்ரேஸ் பாறையில் தலையைச் சாய்த்தவன் பாம்பைக் கண்டவன்போல எழுந்தான். "மேஸ்திரி, உள்ளே யாரோ இருக்காங்க" என்றான். "பொசெய்தோன் சாமிதான், நிலநடுக்கம் வரப்போவுது" என்று ஒருவன் ஓடவே ஆரம்பித்துவிட்டான். நான் வெண்கலக் கிண்ணம் ஒன்றைப் பாறையில் கவிழ்த்து, அதன் முதுகில் காதை வைத்தேன். டக், டக், டக்... பிறகு சிறிது இடைவெளி. உளியைத் திருப்பிப் பிடிக்கிறவன் விடும் இடைவெளி. பொசெய்தோனுக்கு உளி எதற்கு? நான் உட்கார்ந்து சிரித்தேன், மோல்பிஸ். எங்களுக்கும் உங்களுக்கும் நடுவே நூற்றெண்பது அடிப் பாறை இருக்கிறது. அதற்கு அப்பால் ஒருவன் உளியைத் திருப்புவது எனக்குத் தெரிகிறது.

ஒரு சங்கதி மட்டும் உறுத்துகிறது. நேர் எதிரில் கிண்ணத்தை வைத்தால் சத்தம் மங்கல். இடது சுவரில், அதாவது மேற்குச் சுவரில் வைத்தால் தெளிவு. ஏன்? பாறைக்குள் ஏதாவது வெடிப்பு சத்தத்தைத் திசை திருப்புகிறதா? முனையிலிருந்து பதினைந்து அடி பின்னாலும் இருபது அடி பின்னாலும் தனித்தனியாக வைத்துப் பார்த்தேன். எல்லா இடத்திலும் மேற்குதான்.

ஒரு உதவி செய். அடுத்த மாதம் புதிய ஒயின் சாடிகளைத் திறக்கும் திருவிழாவுக்கு முந்தின நாள் நடுப்பகலில், உன் ஆட்களை நிறுத்திவிட்டு மூன்று அடி அடிக்கச் சொல். நிறுத்து. மறுபடியும் மூன்று. நான் கிண்ணத்தோடு காத்திருப்பேன்.

•

அந்தெஸ்தெரியோன் மாதம், 14
வடக்கு வாய்

மோல்பிஸ், தெல்லியாஸுக்கு.

அடித்தேன். மூன்று மூன்றாகப் பத்து தடவை. ஆட்கள் என்னைப் பார்த்த பார்வையை நீ பார்த்திருக்க வேண்டும். பத்தாவது தடவை முடிந்ததும் பாறையிலிருந்து பதிலுக்கு மூன்று அடி கேட்டது. அது நீதானே? ஒருத்தன் கையிலிருந்த சம்மட்டியைப் போட்டுவிட்டு ஊற்றுக்கு ஓடி நீரணங்குகளுக்கு ஒரு அடையைப் படைத்துவிட்டு வந்தான். எனக்கும் முதுகு சிலிர்த்தது. அதை மறைக்க மாட்டேன்.

இடது, வலது என்பதெல்லாம் பாறை காட்டும் வேடிக்கை. அதைப் பெரிதாக எடுக்காதே. அளவு: ஆயிரத்து நூற்றெட்டு. கோடு நேர்.

திருவிழாவுக்குத் தங்கை மிர்த்தோ வந்திருந்தாள், தெமோவோடு மலையேறி. புது ஒயினும் காய்ந்த அத்திப்பழமும் கொண்டுவந்தாள். "அண்ணே, சத்தியம் உங்க ரெண்டு பேருக்கு நடுவுல. தண்டனை மட்டும் எனக்கா?" என்று கேட்டாள். உள்ளே வந்து சுரங்கத்தை எட்டிப் பார்த்தாள். ஆணியில் தொங்கிய அளவுக்கயிற்றைத் தொட்டுப் பார்த்து ஏதோ சொன்னாள். பெண்களுக்கு எதைப் பார்த்தாலும் ஒரு கருத்து.

அவளை இறக்கத்தில் பார்த்துக் கூட்டிப்போகும்படி தெமோவிடம் சொல்லியனுப்பினேன். முழங்கால் வலி இருக்கிறது போலிருக்கிறதே. உனக்குத் தெரியுமா?

•

தார்கெலியோன் மாதம், 9
தெற்கு வாய்

தெல்லியாஸ், மோல்பிஸுக்கு.

முழங்கால் வலி எனக்குத் தெரியாது. கேட்டேன். "தறி முன்னால நின்னு நின்னு வந்தது. அண்ணன் கண்ணுக்குப் பட்டது, உங்க கண்ணுக்குப் படலை" என்றாள். ஆக, இங்கேயும் எனக்குத்தான் தோல்வி.

இப்போது நான் எழுதப்போவதை நின்று நிதானமாகப் படி.

மேற்குச் சுவரில் கேட்கும் சத்தம் என்னைத் தூங்கவிடவில்லை. பாறைக்குள் சத்தம் எப்படித் திரும்புகிறது என்று பார்த்தே தீருவதென்று நாலு ஆட்களைக் கூட்டிக்கொண்டு நம் பழைய கல்குவாரிக்குப் போனேன். வேறு எங்கே போவது? அந்தக் குவாரியின் ஒவ்வொரு மூலையும் எனக்குத் தெரியும். அன்று நான் நின்ற அதே இடத்தில் நின்றேன். கல்லுக்குப் பின்னால், உன் முகம் தெரியாத இடம். பிக்ரேஸை நீ நின்ற இடத்தில் நிறுத்தினேன். மற்ற மூவரையும் வெவ்வேறு இடங்களுக்கு அனுப்பி, நான் கண்ணை மூடிக்கொண்டபின் யாராவது ஒருத்தர் மட்டும் "விடு" என்று சொல்லும்படி சொன்னேன்.

முதல் தடவை சத்தம் நேர் எதிரிலிருந்து வந்தது. "பிக்ரேஸ்" என்றேன். கண்ணைத் திறந்தால் பிக்ரேஸ் தலையை ஆட்டுகிறான். "நான் வாயே தொறக்கலை மேஸ்திரி." சொன்னவன் பக்கத்துக் குழியின் விளிம்பில், என் முதுகுக்குப் பின்னால் நிற்கிறான்! மறுபடியும் செய்தோம். ஏழு தடவை. ஏழு தடவையும் பக்கத்துக் குழியில் சொன்னது எதிரே இருக்கும் சுவரில் பட்டு, பிக்ரேஸ் வாயிலிருந்து வருவதுபோலவே என் காதில் விழுந்தது.

அன்றைக்குப் பக்கத்துக் குழியில் வாளி இறக்கிக்கொண்டிருந்தார்கள். உனக்கு நினைவிருக்கிறதா? வாளி இறக்குகிறவன் என்ன சொல்வான்? "விடு" என்பான்.

நீ சொல்லவில்லை, மோல்பிஸ். நான் கேட்டேன் என்று சொன்னதும் பொய்யில்லை. ஆனால் ஆப்பை உருவுமுன் இரண்டு எட்டு வைத்து உன் முகத்தைப் பார்த்திருக்கலாம். பார்க்கவில்லை. அது என் தவறு. நாலு வருஷமாக அதைச் சொல்லாமல் "கேட்டேன், கேட்டேன்" என்றே கத்திக்கொண்டிருந்தேன். அடுத்த சந்தை நாளில் கடைவீதியில் நின்று, நீ பொய்யன் இல்லை என்று உரக்கச் சொன்னேன். மீன் வாங்க வந்தவர்கள் எனக்கு வெயில் தாக்கிவிட்டது என்று நினைத்தார்கள்.

ஆனால் இதிலிருந்து இன்னொரு கேள்வி எழுகிறது. திறந்த குழியில் சத்தம் சுவரில் பட்டுத் திரும்புகிறது. கெட்டிப் பாறைக்குள் அப்படித் திரும்ப என்ன இருக்கிறது? வெடிப்பு ஒன்றும் தட்டுப்படவில்லை. இருபது அடி, முப்பது அடி முன்னேறியும் சத்தம் மேற்கிலிருந்துதான் வருகிறது, இப்போது இன்னும் அதிகமாக. ஒன்று என் காது தப்பு. இல்லாவிட்டால் நீ மேற்கே இருக்கிறாய்.

என் காது தப்பா, மோல்பிஸ்?

•

தார்கெலியோன், 20
வடக்கு வாய்

மோல்பிஸ், தெல்லியாஸுக்கு.

உன் காது தப்பில்லை.

உன் கடிதத்தை ஊற்றங்கரையில் உட்கார்ந்து படித்தேன். குவாரியைப் பற்றிய பகுதி வந்ததும் எழுந்து கொஞ்ச தூரம் நடந்துவிட்டு வந்து மீதியைப் படித்தேன். தெமோ, "என்ன, செத்தது யாரு?" என்று கேட்டாள்.

முதலில் குவாரி. நீ உன் பங்கைச் சொல்லிவிட்டாய், என் பங்கையும் கேள். ஆப்பு நிற்கும்போது கல்லுக்கு அடியில் கைவிடக் கூடாது என்று புதிதாக வருகிற ஒவ்வொருவனுக்கும் சொல்லிக்கொடுத்தவன் நான். அன்று ஒரு வெண்கல உளி உள்ளே விழுந்துவிட்டது. எடுப்பதற்குக் கையை விட்டேன். இதை யாரிடமும் சொல்லவில்லை.

இனி சுரங்கம். இரண்டு வருஷத்துக்கு முன், தொள்ளாயிரமாவது அடியில், பாறை முடிந்து சேறு வந்தது. ஒரே நாளில் கூரை இரண்டு தடவை இறங்கியது. ஒருவனை இடுப்பு வரை புதைந்த நிலையில் தோண்டி எடுத்தோம். கொரிந்துக்காரர் வந்து பார்த்தார். நேராகப் போனால் எல்லாரையும் கொன்றுவிடும் என்றார். மேற்கே சாய்வாகப் போய், சேற்றைத் தாண்டியதும் அதே அளவு சாய்வாகக் கிழக்கே திரும்பி, பழைய கோட்டைப் பிடிக்கச் சொன்னார். அவர் உன் பக்கத்தில் இருந்த மாதங்களில் நான் திரும்பிவந்தேன். கயிறு போட்டு அளந்தேன். கோட்டைப் பிடித்துவிட்டேன் என்று அவருக்குச் சொன்னேன். நம்பித்தான் சொன்னேன். சபை பயந்துவிடும், சொல்ல வேண்டாம் என்றார் அவர்.

திருவிழாவுக்கு வந்த மிர்த்தோ கயிற்றைத் தொட்டுப் பார்த்து என்ன சொன்னாள் தெரியுமா? "அண்ணே, இது நனைஞ்சு கெடக்கே. நூல் நனைஞ்சா சுருங்குமே. சுருங்கின கயிறை வச்சா அளக்கறீங்க?"

அவள் போனபின் கயிற்றை வெயிலில் நீட்டிக் காயவைத்தேன். நனைந்தபோது, அடிக்கு ஒன்றாகப் போட்ட நூறு முடிச்சுக்கும் இருந்த நீளத்தைத் தரையில் கோடு போட்டு வைத்திருந்தேன். காய்ந்ததும் கயிறு அந்தக் கோட்டைத் தாண்டி ஏழடி நீண்டு கிடந்தது. மேற்கே போனது கோடையில், உலர்ந்த கயிறு. திரும்பியது மழைக்காலத்தில், சொட்டச் சொட்ட நனைந்த கயிறு. எந்த நாளில் எவ்வளவு நனைந்திருந்தது என்று யாருக்குத் தெரியும்? பத்தடி மேற்கே இருக்கலாம், இருபதடியும் இருக்கலாம். திருவிழாவுக்குப் பிறகு உனக்கு "கோடு நேர்" என்று எழுதிய நாளிலேயே எனக்குத் தெரியும். நீ சிரிப்பாய் என்று எழுதவில்லை.

சபையின் விதி உனக்குத் தெரியும். அனுமதி இல்லாமல் கம்பங்களின் கோட்டை விட்டு விலகுகிறவனுக்குக் குடியுரிமை போய்விடும். சபையில் பேச முடியாது, கோயிலில் பலி கொடுக்க முடியாது. எனக்கு அனுமதி கொடுத்தவர் கொரிந்தில் படுக்கையில் கிடக்கிறார், உயிரோடு இருந்தால்.

பொய்யன் என்று சொன்னதற்காக உன்னோடு நாலு வருஷம் பேசாமல் இருந்தவன் நான்.

•

தார்கெலியோன், 27
தெற்கு வாய்

தெல்லியாஸ், மச்சான் மோல்பிஸுக்கு.

நான் சிரிக்கவில்லை. கயிறு நனைந்தால் சுருங்கும் என்று ஆறு வருஷமாகச் சுரங்கம் வெட்டுகிற எனக்கும் தோன்றவில்லை. உன் கடிதம் வந்த அன்றே என் கயிற்றையும் நனைத்துப் பார்த்தேன். என் பக்கம் வறண்ட பாறை, தப்பித்தேன். புத்திசாலித்தனத்தால் இல்லை.

மிர்த்தோ கயிற்றைப் பற்றி என்னிடம் மூச்சு விடவில்லை. ஏன் என்று கேட்டதற்கு, "அண்ணன் வாயால வரணும்னு இருந்தேன். நான் சொன்னா அது கோள்" என்றாள்.

இப்போது நமக்கிடையே ஐம்பத்தைந்து அடிதான். ஆனால் இருவரும் நேராகவே போனால் ஒருவரை ஒருவர் கடந்து, கடைசியில் நான் உன் ஊற்றுக்குப் பக்கத்தில் வெளியே வருவேன், நீ என் சந்தைக்குப் பக்கத்தில் வருவாய். உன்னைக் கிழக்கே திரும்பச் சொல்லலாம். ஆனால் உன் பக்கம் சேறு. எங்கே மறுபடியும் இறங்கும் என்று சொல்ல முடியாது.

இதைத் தரையில் கரியால் வரைந்துகொண்டிருந்தேன். மிர்த்தோ தறியிலிருந்து திரும்பிப் பார்த்தாள்.

"என்ன இது, ரெண்டு கோடு?"

"உங்க அண்ணன் ஒண்ணு, நான் ஒண்ணு. சந்திக்க மாட்டேங்குது."

"பாவு நூல் ரெண்டு எங்கே சந்திக்கும்? தறி முழுக்கப் போனாலும் பக்கத்துல பக்கத்துலதான் போகும். ஊடை நூல் குறுக்கே வந்தாத்தான் எல்லா நூலையும் தொடும். நீங்க ஊடையா மாறிக்கோங்க."

மச்சான், எவ்வளவு எளிது பார்! நீ நேராகவே வா. துளியும் திரும்பாதே. நான் இந்த இடத்தில் நின்று மேற்கே குறுக்காக இருபதடி வெட்டுகிறேன். நீ பத்தடி விலகியிருந்தாலும் பதினெட்டடி விலகியிருந்தாலும், வருகிற வழியில் என் குறுக்குப் பாதைக்குள் வந்து விழுந்தே ஆகவேண்டும். உயரத்தையும் நம்ப முடியாது, அதனால் இரண்டு ஆள் உயரத்துக்கு வெட்டுகிறேன். உன் சத்தம் வழிகாட்டும்.

•

கலமையோன் மாதம், 2

மோல்பிஸ், தெல்லியாஸுக்கு.

வேண்டாம். உன் பக்கம் அம்புபோல நேராக இருக்கிறது. நீ குறுக்கே வெட்டினால் வளைந்தவன் நீ ஆவாய். விதி உனக்கும் அதே விதிதான். என் தங்கை குடியுரிமை இழந்தவனின் மனைவியாக ஊரில் நடமாட வேண்டுமா? நான் சபைக்குப் போய்ச் சொல்லிவிடுகிறேன்.

•

கலமையோன், 6

தெல்லியாஸ், மச்சானுக்கு.

வெட்ட ஆரம்பித்து நாலு நாளாகிறது. இப்போது நீ சபைக்குப் போனால் வேலையை நிறுத்துவார்கள், விசாரணை என்பார்கள், மழைக்காலம் வந்துவிடும், உன் சேறு மறுபடியும் இறங்கும். முதலில் சந்திப்போம். பிறகு யார் வேண்டுமானாலும் என்ன வேண்டுமானாலும் சொல்லலாம். நேராக வா.

•

மெதகெய்த்னியோன் மாதம், 18
தெற்கு வாய்

தெல்லியாஸ், மச்சானுக்கு.

சபையின் ஆய்வாளர்கள் வந்தார்கள், மூன்று பேர். கோடை உச்சத்தில் சந்திப்பு என்று சொன்னவன் நான், கோடை முடியப்போகிறது. விளக்கைத் தூக்கிப் பிடித்துக் குறுக்குப் பாதையைப் பார்த்தார்கள். ஒருவர், "ஏம்ப்பா, இது எங்கே போவுது? கடலுக்கா?" என்றார். முன்னால் பாறை கெட்டுவிட்டது, அதனால் திரும்பினேன் என்று சொன்னேன். அவர் எதிர்ச்சுவரைத் தட்டிப் பார்த்தார். மணிபோல ஒலித்தது, கெட்டிப் பாறை. விளக்கை இறக்கிக்கொண்டு போய்விட்டார்.

அடுத்த மாதம் மக்கள் கூட்டத்தில் என் வழக்கு வருகிறது. உன் பெயரை நான் சொல்லவில்லை. நீயும் சொல்லாதே. குடியுரிமை போனாலும் எனக்கு உளி பிடிக்கத் தெரியும்.

பன்னிரண்டு அடி வெட்டியாகிவிட்டது. இப்போது கிண்ணமே தேவையில்லை. உன் ஆட்கள் தும்முவதுகூடக் கேட்கிறது. எனக்கு வலதுபுறம், கொஞ்சம் மேலே. ராத்திரி பகல் எப்போதும் ஒரே யோசனை: முதலில் உடைவது யார் பக்கமாக இருக்கும்?

•

பொயத்ரோமியோன் மாதம், 11
வடக்கு வாய்

மோல்பிஸ், தெல்லியாஸுக்கு.

நேற்று நடந்ததை உனக்கு எழுத வேண்டியதில்லை. நீயும் அங்கேதான் இருந்தாய். ஆனால் என் பக்கத்திலிருந்து எப்படி இருந்தது என்று உனக்குத் தெரியாதே. நீ எப்படியும் கேட்பாய். அதனால் எழுதுகிறேன்.

காலையிலிருந்தே பாறை வேறு மாதிரி ஒலித்தது, பானையைத் தட்டுவதுபோல. ஆட்களை விலக்கிவிட்டு நானே உளியை எடுத்தேன். இடது கையில் சம்மட்டி. ஏழெட்டு அடிதான். உளி கையை விட்டு நழுவி உள்ளே போய்விட்டது. ஓட்டையிலிருந்து காற்று வந்தது, நான் என் வாழ்க்கையில் பார்க்காத காற்று. அதில் உங்கள் விளக்கின் எண்ணெய் நாற்றமும் வெங்காய வாடையும் கடல் வாடையும் இருந்தன. ஆறு வருஷமாக அந்த முனையில் காற்று அசைந்ததில்லை. என் விளக்கின் சுடர் சாய்ந்தது. ஆட்கள் எல்லாரும் அந்தச் சுடரையே பார்த்துக்கொண்டு நின்றார்கள், யாரும் கூச்சல் போடவில்லை. பிறகு அந்தப் பக்கமிருந்து ஒரு கை வந்து என் உளியை நீட்டியது. உன் கை.

ஓட்டையைப் பெரிதாக்கி நான் குனிந்து வந்து உன் எதிரில் நின்றேன். உனக்குத் தாடி நரைத்திருக்கிறது. நீ வாயைத் திறந்தாய், எதுவும் வரவில்லை. எனக்கும் வரவில்லை. சத்தியத்தால் இல்லை. அந்த நேரத்தில் சத்தியம் நினைவிலேயே இல்லை. வெறுமனே வரவில்லை. உன் தோளைத் தட்டிவிட்டு என் பக்கத்துக்குத் திரும்பிவிட்டேன். மன்னித்துக்கொள்.

பதினாலு அடி மேற்கே இருந்திருக்கிறேன். என் தரை உன் தரையைவிட முழங்கால் உயரம் மேலே. தண்ணீர் என் பக்கமிருந்து உன் பக்கம் இறங்குவதற்கு நல்லதுதான்.

கூட்டம் நாளை மறுநாள். நான் வருகிறேன். தடுக்காதே. தடுக்கிற கடிதம் எழுதினாலும் தெமோ வருவதற்குள் நான் கிளம்பியிருப்பேன்.

•

பொயத்ரோமியோன், 14
மெலாய்னா நகரம்

தெல்லியாஸ், மச்சானுக்கு.

மேடையில் பேசிவிட்டு இறங்கி, கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய்விட்டாய். கை தூக்கி முடிவெடுக்கும் வரைகூட நிற்கவில்லை. முடிவு என்ன என்று தெரிந்துகொள்ளாமல் எப்படித்தான் உன்னால் போக முடிகிறதோ! நானாயிருந்தால் செத்தே போயிருப்பேன். கேள்.

"வளைந்தது என் பக்கம். தெல்லியாஸ் வளைந்தது என்னைத் தேடி" என்று நீ சொல்லிவிட்டுப் போனதும் பெரிய அமளி. ஆய்வாளர் எழுந்து, அப்படியானால் விதியை மீறியவர்கள் இரண்டு பேர், தண்டனையும் இரண்டு பேருக்கு என்றார். அவர் பேச்சில் குற்றம் சொல்ல முடியாது. விதி அப்படித்தான் இருக்கிறது. பிக்ரேஸ் பக்கத்தில் இருந்தால் தேவலை என்றிருந்தது, வெளிநாட்டான் அவனுக்குத்தான் கூட்டத்தில் இடமில்லையே.

அப்போது பின்வரிசையில் ஒருவர் எழுந்தார். வலை பின்னுகிற ஓனாசிமோஸ். அந்தப் பதினோரு பேரில் ஒருத்தி அவர் மகள். ஆறு வருஷத்தில் அவர் கூட்டத்தில் வாய் திறந்து யாரும் பார்த்ததில்லை.

"எனக்கு ஒரே ஒரு சந்தேகம்" என்றார். "தண்ணி வளைவுல நின்னுடுமாய்யா?"

யாருக்கும் புரியவில்லை.

"இல்ல, கேக்குறேன். வளைவு வந்தா தண்ணி, 'ஐயோ கோடு தப்பிடுச்சே'ன்னு திரும்பிப் போயிடுமா? போகாதுல்ல? அப்ப என் பேத்தி கோட்டைக்கு உள்ளேயே குடத்தை நெறச்சுக்குவால்ல? எனக்கு அவ்வளவுதான் தெரியணும்."

உட்கார்ந்துவிட்டார். முதலில் ஒருவர் சிரித்தார். பிறகு மேடை வரை சிரிப்பு பரவியது. ஆய்வாளரே தாடிக்குள் சிரித்தார், நான் பார்த்தேன். கை தூக்கச் சொன்னார்கள். எண்ணவே இல்லை. எண்ணத் தேவையிருக்கவில்லை. குற்றமில்லை, இரண்டு பேருக்கும்.

ஒரு நிபந்தனை மட்டும். தண்ணீர் ஓடுவதற்குச் சுரங்கத்தின் தரையில் வாய்க்கால் வெட்ட வேண்டுமே, அதற்கு இனி இரண்டு முனையில் இரண்டு மேஸ்திரி கிடையாது. ஒரே குழு. இரண்டு மேஸ்திரிகளும் ஒன்றாக, ஒரே இடத்தில் நின்று, உலர்ந்த கயிற்றால் அளக்க வேண்டும். 'உலர்ந்த' என்ற சொல்லைத் தீர்மானத்தில் சேர்க்கச் சொன்னது யார் என்று கேட்காதே. பெண்கள் கூட்டத்துக்கு வர முடியாது. ஆனால் கூட்டத்துக்கு முந்தின நாள் ஆய்வாளரின் மனைவி நம் வீட்டுக்கு நூல் வாங்க வந்திருந்தாள்.

சத்தியத்தை விலக்கிக்கொள்ள என்ன செய்வதென்றும் பூசாரி அம்மாளைக் கேட்டுவிட்டேன். தேன் அடை ஒன்று, கறுப்பு ஆட்டுக்குட்டி ஒன்று, ஹேராவுக்கு. "அவளுக்குப் பேசாத ஆம்பளைங்களைவிடப் பேசுற ஆம்பளைங்க மேல்" என்றாள். குட்டியை வாங்கிக் கட்டிவைத்திருக்கிறேன்.

இந்தத் தோலைத் தெமோவிடம் கொடுக்கப் போனேன். "அதான் மலையில ஓட்டை போட்டுட்டீங்கல்ல? நடந்து போய்க் குடு. எனக்கு முட்டி வலிக்குது" என்று வாசலிலேயே விரட்டிவிட்டாள்.

ஆகவே நடந்துதான் வந்திருக்கிறேன், மச்சான், இரண்டாயிரத்துச் சொச்சம் அடி, ஒரு விளக்கோடு. வளைவில் இரண்டு தடவை தலையை இடித்துக்கொண்டேன். இதை உன் கையில் கொடுத்துவிட்டு, நீ இடது கையால் தோலைப் பிரிப்பதையும், உதடு அசைய அசையப் படிப்பதையும் பார்த்துக்கொண்டு நிற்கிறேன். முதலில் பேசுவது யார் என்று தெரியவில்லை. நீயாக இருக்கட்டும்.

நிமிர்ந்து பார்.